நாற்பத்தேழு குறைகள்

காலை ஆறு மணி பத்து நிமிடத்துக்கு, நாற்பத்தேழு குறைகளோடு, கனகத்துக்கு ஒரு கடிதம் வந்திருந்தது.

வாக்கிங் முடிந்து ஏழு மணிக்கு வீடு திரும்பியவள், கான்வாஸ் ஷூவைக்கூடக் கழற்றாமல் கம்ப்யூட்டர் முன் நின்றபடியே அதைப் படித்தாள்.

“நாசமாப் போறவன்!”

“யாரு?” என்றார் கணவர் வேணுகோபால், தலையைத் துவட்டிக்கொண்டே.

“நார்த்போல் செவன்.”

யார் வேண்டுமானாலும் எழுதலாம் என்கிற இணையக் கலைக்களஞ்சியத்தில் யாரோ ஒருவர் வைத்துக்கொண்ட பெயர் அது. அங்கே கனகத்தின் பெயர் செகந்திராபாத் லேடி. டிவியில் சாயங்காலம் வரும் அமெரிக்க கார்ட்டூன் காமெடித் தொடர் ஒன்று. முள்ளம்பன்றிக் குடும்பத்தின் கதை. அதன் முதல் வருஷத்து இருபத்திரண்டு எபிசோடுகளுக்கும் தேதி, தலைப்பு, கதைச்சுருக்கம் என்று எட்டு மாதம் உட்கார்ந்து பட்டியல் எழுதி, மதிப்பாய்வுக்கு அனுப்பியிருந்தாள்.

தேறினால் பக்கத்தின் மூலையில் ஒரு நட்சத்திரம் போடுவார்கள். முப்பது நாளுக்குள் ஒருவரும் வந்து படிக்காவிட்டால் மனு தானாகத் தள்ளுபடி ஆகிவிடும். இருபத்தாறு நாள் ஈ, காக்கை எட்டிப் பார்க்கவில்லை. இருபத்தேழாம் நாள் வந்தவன் இவன்.

“ஐம்பத்திரண்டு வயசுல பொம்மைப் படம் பார்த்து நோட்ஸ் எடுக்கறே. யாராவது கேட்டா நான் என்ன சொல்றது?” வேணுகோபால் எட்டு மாதமாகக் கேட்கிற கேள்விதான். ராணுவத் தளவாட அலுவலகத்தில் சூப்பரிண்டெண்டெண்ட். அடுத்தவர் எழுதிய டிராஃப்ட் எதிலும் முதல் தடவையே கையெழுத்துப் போட்டதாக வரலாறு இல்லை.

“எதிர் வீட்டு சாவித்ரி, மாமியார் பால்ல விஷம் கலக்கற சீரியல் பார்க்கறா. அவளை யாராவது கேக்கறாங்களா?”

“சரி, அவன் என்னதான் சொல்றான்?”

“ஏழாவது எபிசோட். முள்ளம்பன்றி அப்பா பலூன் கடை வைக்கிறார். ஒரே நாள்ல எல்லா பலூனும் வெடிச்சுடுது. ‘மனம் உடைந்து வீடு திரும்பினார்’னு எழுதியிருக்கேன். மனம் உடைஞ்சது திரையில் தெரியலையாம். ‘வீடு திரும்பினார்’ போதுமாம்.”

“சரிதானே?”

“என்ன சரி? மனசுன்னு ஒண்ணு இருந்தாத்தானே அவனுக்குத் தெரியும்! கனடாவுல எங்கேயோ பனியில தனியா உட்கார்ந்திருக்கான். கல்யாணம் ஆகியிருக்காது. ஆகியிருந்தா அவ ஓடியிருப்பா.”

வேணுகோபால் காபியை எடுத்துக்கொண்டார். “இட்லி ஆச்சா?”

மூன்று நாள் திட்டிக்கொண்டே திருத்தினாள். ஒரு தேதி தப்பு. அதை ஒத்துக்கொண்டாள். ஆறாவது எபிசோடில் பக்கத்து வீட்டு ஆமையின் பெயர் மாறியிருந்தது. அதையும் ஒத்துக்கொண்டாள். பத்தொன்பதாவது குறைக்கு மட்டும், ஆத்திரம் தாங்காமல், செகந்திராபாத் தெரு உருதுவில் ‘நக்கோ’, அதாவது ‘முடியாது, வேண்டாம்’ என்று ஒரே வார்த்தையில் பதில் போட்டாள். கனடாக்காரன் அர்த்தம்கூடக் கேட்காமல் அதை விட்டுவிட்டான். கனகம் அதையாவது கவனித்திருக்கலாம்.

முப்பதாம் நாள் காலை: “குறைகள் நீங்கின. தேர்ச்சி.”

நட்சத்திரம் வந்தது. கேசரி கிளறினாள். வேணுகோபால் இரண்டு தடவை போட்டுக்கொண்டு, “ஒரு நட்சத்திரத்துக்கா இவ்வளவு நெய்?” என்றார்.

ஞாயிற்றுக்கிழமை பார்த்தால் நட்சத்திரத்தைக் காணோம். அந்த இடத்தில் நிர்வாகிகளின் அறிவிப்பு இருந்தது. “எழுதியவரும் மதிப்பாய்வு செய்தவரும் ஒரே டெலிபோன் லைனிலிருந்து வருகிறார்கள். ஒரே ஆள் இரண்டு பெயரில் வந்து, தனக்குத் தானே மார்க் போட்டுக்கொண்டது மோசடி. இரண்டு கணக்கும் முடக்கப்பட்டன.”

வீட்டில் இருப்பது இரண்டே பேர். கனகம் திரும்பினாள். வேணுகோபால் பேப்பரை முகத்துக்கு நேரே உயர்த்திக்கொண்டார்.

“யோவ், கனடா!”

பேப்பர் மெதுவாக இறங்கியது.

“தினம் பத்து தடவை திறந்து திறந்து பார்த்தே. ஒருத்தனும் வரலை. சரி, நீ வாக்கிங் போற நேரத்துல நாமளே...”

“அதுக்கு நாற்பத்தேழா?”

“சும்மா பாஸ் போட்டா அது மதிப்பாய்வா? நீ பதிவு பண்ணி வச்ச சிடி இருபத்திரண்டும் பார்த்தேன். ரெண்டு தடவை.”

“பொம்மைப் படத்தையா?”

“அந்த பலூன் வெடிக்கற இடம்...” பேப்பரை மடித்து வைத்தார். “எனக்கும் மனசு உடைஞ்சுதான் போச்சு. ரூல்ல இடமில்லை. என்ன பண்றது?”

கனகம் இன்னொரு நாற்காலியைக் கம்ப்யூட்டர் முன் இழுத்துப் போட்டாள்.

“வாங்க. மேல்முறையீடு எழுதணும்.”

அவள் ஒரு வரி எழுதினால் அவர் அடித்தார். அடித்ததை அவள் மறுபடி எழுதினாள். அதில் அவர் ஒரு கமா வைத்தார். அதை அவள் எடுத்தாள். மதியச் சாப்பாடு மூன்று மணிக்குத்தான். கடைசியில் நின்ற கடிதம் இது:

“ஐயா, நாங்கள் இரண்டு பேர். கணவன், மனைவி. முப்பது வருஷத்தில் ஒரு விஷயத்திலும் ஒத்துப்போனதில்லை. சந்தேகம் இருந்தால் குறைகளையும் பதில்களையும் படித்துப் பார்க்கவும்.”

படித்துப் பார்த்தார்கள். மேல்முறையீட்டுக் கடிதத்தையும் சேர்த்துப் படித்தார்கள்.

2009 மார்ச் 19 அன்று, மூன்று நிர்வாகிகள் ஒருமனதாக மனுவைத் தள்ளுபடி செய்தார்கள்: இருவரும் ஒருவரே.