குப்பைத்தொட்டி மூடிகள்

இப்போதெல்லாம் எதைப் படமெடுப்பது என்று ஆட்களுக்கு விவஸ்தையே இல்லை. எங்கள் பெல்ஃபாஸ்ட் தெருவில் பெண்கள் குப்பைத்தொட்டி மூடிகளைத் தரையில் அடிக்கிறார்கள். பிரிட்டிஷ் பட்டாளம் வருகிறது என்று அந்தக் காலத்தில் எச்சரித்த அதே சத்தம். டப்ளின் நடிகை ஓர்லா, போராளிப் பெண் வேஷத்தில், கோட்டுக்குள் மரத் துப்பாக்கியோடு ஓடி வருகிறாள். பக்கத்து வீட்டுக் கிழவி டிம்ப்னா கதவைத் திறந்து, அவளை உள்ளே இழுத்துத் தாழ் போடுகிறாள். தெருவில் நின்றபடி அவள் ஜன்னலில் எட்டிப் பார்க்கிறேன்.

“மூச்சு விடாதடி. முனையில நிக்கிறானுங்க.”

“இது சினிமாம்மா.”

“ஒண்ணுமில்லம்மான்னு சொல்லிட்டுத்தான் என் மக ரோஷீனும் வெளிய போனா. பொணமாத்தான் வந்தா.”

பூசிய சாயத்தின் மேல் ஓர்லாவுக்கு வேர்க்கிறது. பட்டாள உடுப்புப் போட்ட நடிகன் கதவைத் தட்டுகிறான்.

“ஓர்லா, வா, டீ ஆறுது!”

டிம்ப்னா அவள் வாயைப் பொத்துகிறாள். ஓர்லா திமிறவில்லை.

“சும்மா நடிப்புதான் பெரியவரே, நீங்களாவது சொல்லுங்க,” என்கிறான் அவன் என்னிடம்.

அவனை பூட்ஸ் வரை ஏற இறங்கப் பார்த்துவிட்டு நடக்கிறேன். இவனை நம்பி எவன் கதவைத் திறக்கச் சொல்வான்?