கறுப்பு வெள்ளையில் ஒரு ஜோடி

அவன் மார்பில் சாய்ந்து அவள் கண்களை மூடியிருந்தாள். அவன் விரல்கள் அவள் கூந்தலை மெல்லக் கோதிக்கொண்டிருந்தன.

"போதும். ரெண்டு பேரும் நல்லா நடிக்கிறீங்க, அதான் பிரச்சினையே" என்று கேமராவை இறக்கினார் போட்டோகிராபர்.

"நடிக்காம நெருக்கமா இருக்கறது எப்படி சார்?" என்று கேட்டான் நடிகன்.

"எனக்கே மறந்து போச்சுப்பா. வீட்ல கரண்ட் பில்லைத் தவிர வேற பேச்சே இல்ல."

மெத்தைக் கம்பெனி விளம்பரம். 'புருஷன் பொண்டாட்டி மாதிரியே தெரியல' என்று முன்பு எடுத்த படங்களையெல்லாம் திருப்பி அனுப்பிவிட்டார்கள். இதுவும் சொதப்பினால் ஸ்டுடியோவுக்குப் பூட்டுதான். அதனால் கலரை விட்டுவிட்டுக் கறுப்பு வெள்ளைக்கு வந்திருந்தார். பெண் வெளிச்சத்தில், ஆண் இருட்டில். தொடுகிற இடத்தில் மட்டும் இரண்டும் கலக்க வேண்டும்.

ஜோடியாக நடித்த இருவரும் அன்று காலையில்தான் முதன்முதலாகப் பார்த்துக்கொண்டவர்கள். வழக்கமான லைட்மேனுக்குக் காய்ச்சல். பதிலுக்கு வந்தவர் வாயே திறக்காமல் சொன்ன இடத்தில் விளக்கை வைத்துக்கொண்டிருந்தார். ஒரு தடவை மட்டும், யாரும் சொல்லாமலே, வலப்பக்க விளக்கை இடப்பக்கம் நகர்த்தினார்.

"யாரைக் கேட்டு மாத்துனீங்க?"

"அவங்களுக்கு வலது கண்ணு கூசும் சார்."

"வந்து ஒரு மணி நேரம் ஆகல, அதுக்குள்ள கண் டாக்டர் ஆயிட்டாரு" என்று நடிகன் சிரித்தான். அவள் சிரிக்கவில்லை.

நடிகனுக்குப் போன் வந்தது, வெளியே போனான். "வெளிச்சம் பார்க்கணும், நீங்க கொஞ்சம் அவர் இடத்துல நில்லுங்க" என்றார் போட்டோகிராபர்.

லைட்மேன் தயங்கித் தயங்கி வந்து நின்றார். அவருக்கும் அவளுக்கும் நடுவில் இன்னொரு ஆள் தாராளமாக நிற்கலாம்.

"பஸ்ஸுக்கா நிக்கிறீங்க? தோள்ல கை போடுங்க."

அவர் கை பாதி தூரம் எழுந்து அப்படியே நின்றுவிட்டது. அவள் தரையைப் பார்த்தாள். போட்டோகிராபர் ஒன்று எடுத்துத் திரையில் பார்த்தார். ஒரு பக்கம் வெளுப்பு, ஒரு பக்கம் கறுப்பு. நடுவே கத்தியால் கீறினாற்போல ஒரு கோடு.

"எத்தனையோ வருஷமா ஜோடிங்களப் படம் எடுக்கறேன். உங்க ரெண்டு பேரையும் புருஷன் பொண்டாட்டின்னு சொன்னா என் கேமராவே நம்பாது."

வேடிக்கையாகத்தான் சொன்னார். லைட்மேன் விளக்குக்குப் பின்னால், இருட்டுக்குள் போய் நின்றுகொண்டார்.

நடிகன் திரும்பி வந்தான். இம்முறை அவள் அவன் தோளில் முகம் புதைத்த விதமே வேறாக இருந்தது. விரல்கள் அவன் சட்டையைக் கசக்கிப் பிடித்திருந்தன. கண்ணோரம் நனைந்திருந்தது. போட்டோகிராபர் மூச்சைப் பிடித்துக்கொண்டு பொத்தானை அழுத்தினார்.

படத்தை அனுப்பிய கையோடு கம்பெனி மேனேஜர் போனில் கூப்பிட்டுவிட்டார். "இதத்தான் சார் கேட்டோம். குடும்பம்னா இப்படி இருக்கணும்னு பாக்கறவங்களுக்குத் தோணணும்."

நடிகன் கைகொடுத்துவிட்டுக் கிளம்பினான். ஸ்டுடியோ இன்னும் கொஞ்ச நாள் ஓடும் என்ற நிம்மதியில் போட்டோகிராபர் கேமராவைப் பையில் வைத்துக்கொண்டிருந்தார்.

முகம் கழுவிக்கொண்டு வந்த அவள், ஒயரைச் சுருட்டிக்கொண்டிருந்த லைட்மேன் அருகே போய் நின்றாள். அவர் நிமிரவில்லை. தணிந்த குரலில்தான் சொன்னாள். ஆனால் காலியான அறையில் அது தெளிவாகவே கேட்டது.

"காலைல பாப்பா முழிக்கறதுக்குள்ள வந்து உங்க துணிமணிய எடுத்துட்டுப் போயிடுங்க. அவ பார்த்தா அப்பாவப் போக விட மாட்டா."