இழுப்பறைக்கு வந்தது

மார்ச் 12. இன்று ஒரு சிறு தவறு செய்தேன். என் இழுப்பறைக்கு வந்ததை அக்காவிடம் காட்டாமல் மூடிவிட்டேன்.

மாலை வகுப்பில் நாங்கள் படிப்பது காலச்சுழல் மந்திரம். நாளை நாம் காலத்தில் பின்னோக்கி அனுப்பப்போகும் பொருள் இன்றே நம் இழுப்பறைக்கு வந்துவிடும்; வந்ததை மறுநாள் அனுப்பியே ஆக வேண்டும். அக்காவுக்குத் தினமும் பூ வருகிறது. வாத்தியார் மெச்சும்போதெல்லாம் எனக்கு வயிறு எரியும். நான் எங்கே பிசகுகிறேனோ, இதுவரை எதுவும் வந்ததில்லை.

"இன்னைக்கும் காத்துதானாடி? பல்லி முட்டையாவது இருக்கும், நல்லாப் பாரு!" அக்கா சிரித்தபடி தன் நீண்ட பின்னலை முன்னால் எடுத்துப் போட்டுக்கொண்டாள்.

"காலிதான்க்கா."

உள்ளே அதே பின்னல், அதே நீல ரிப்பனோடு, பிடரியை ஒட்டி வெட்டப்பட்டுக் கிடந்தது. முதல்முறையாக எனக்கு மந்திரம் பலித்திருக்கிறது.

நாளை வகுப்புக்குப் போகும் வழியில் கத்தரிக்கோலைச் சாணை பிடிக்கக் கொடுக்க வேண்டும்.