ராசம்மாள் நீட்டிய சொம்பு

"வேணாம்" என்று தலையை ஆட்டிவிட்டாள் ஜூடி.

ராசம்மாளுக்கு முகம் செத்துப்போயிற்று. நீட்டிய சொம்பை என்ன செய்வதென்று தெரியாமல் அப்படியே நின்றாள்.

எழுபத்து மூணாம் வருஷத்துக் கோடை. மரக்காணம் உப்பளத்தில் உச்சி வெயில் மண்டையைப் பிளந்துகொண்டிருந்தது. உப்பு வாரும் பெண்கள் கஞ்சி குடிக்கக் கொட்டகைக்குள் வந்து உட்கார்ந்திருந்தார்கள். காலில் உப்பு அரித்த புண்ணுக்கு மருந்து போட மாதா கோயில் ஆஸ்பத்திரியிலிருந்து நர்ஸம்மா வந்திருந்தார். பேர் எடித், ஊர் இங்கிலாந்து. வருஷக்கணக்காக இந்தப் பக்கமே இருப்பதால் தமிழ் நன்றாக வரும். ஆனால் இந்த அளத்துக்கு இன்றுதான் முதல் தடவை.

கூட வந்திருந்த ஜூடி அமெரிக்கா. ஏழைபாழைக்கு உதவி செய்கிறேன் என்று ஆசையாகக் கப்பலேறி வந்த பெண்.

வெள்ளைக்காரி என்றால் எல்லாரும் ஒரே ரகம் என்றுதான் அங்கே நினைத்திருந்தார்கள். அட, அப்படி இல்லையே! நர்ஸம்மா வாயைத் திறந்தால் மன்னிப்பு, மூடினால் நன்றி. இந்தப் பொண்ணு என்னடா என்றால் அரை டிரவுசர் போட்டுக்கொண்டு விசிலடிக்கிறது. அம்மா வயசு நர்ஸம்மாவை 'எடித், எடித்' என்று பேர் சொல்லிக் கூப்பிடுகிறது. ஒவ்வொரு தடவையும் நர்ஸம்மா முகத்தைச் சுளித்துக்கொள்வார்.

ராசம்மாள் சொம்பை நீட்டியதே பெரிய காரியம். மேஸ்திரி அவள் கைத் தண்ணீரைத் தொடமாட்டார். நாக்கு வறண்டாலும் ஊருக்குள் போய்த்தான் குடித்துவிட்டு வருவார். "நம்ம கையால குடிப்பாங்களாடி?" என்று பக்கத்திலிருந்த கொளஞ்சியைக் கேட்டுவிட்டு, பயந்துகொண்டேதான் குடத்திலிருந்து முதல் சொம்பை நர்ஸம்மாவுக்கு மொண்டு கொடுத்தாள்.

நர்ஸம்மா ரெண்டு கையாலும் வாங்கி, மிச்சம் வைக்காமல் குடித்தார். "தண்ணி ரொம்ப நல்லாயிருக்கு. நன்றிம்மா."

ராசம்மாளுக்குக் கண் கலங்கிவிட்டது. அந்தச் சந்தோஷத்தில்தான் அடுத்த சொம்பை ஜூடியிடம் நீட்டினாள்.

அதற்குத்தான் இந்த 'வேணாம்'.

"பாத்தியாக்கா?" என்றாள் கொளஞ்சி, சத்தமாகவே. "ஊருக்குள்ளேர்ந்து தலையில தூக்கியாந்த தண்ணி, அதுக்கு இன்னா இளக்காரம் பாரு! தோலு வெள்ளையா இருந்தா இன்னா? புத்தி நம்ம மேஸ்திரி புத்திதான்."

நர்ஸம்மாவுக்கு உடம்பெல்லாம் கூசியது. ஜூடியை இங்கிலீஷில் பிடித்துக்கொண்டார்.

"வாங்கிக் குடி ஜூடி."

"எனக்கு வேணாம் எடித்."

"வேணுமான்னு உன்னை யாரும் கேக்கல. ஆசையாக் குடுத்தா வாங்கிக்கணும். எங்க ஊர்ல குழந்தைக்குக்கூட இது தெரியும்."

"எங்க ஊர்ல வேணாம்னா வேணாம்னு சொல்லிடுவோம்."

"அதான் தெரியுதே உங்க ஊர் லட்சணம்! என்ன, கிருமி ஒட்டிக்கும்னு பயமா?"

வெயிலில் கன்றியிருந்த ஜூடியின் முகம் இன்னும் சிவந்தது. வெடித்த உதட்டை நாக்கால் தடவிக்கொண்டாள்.

நர்ஸம்மா சட்டென்று சொம்பை வாங்கினார். "மன்னிச்சுக்கோம்மா. இவளுக்குப் பதிலா நான் குடிக்கிறேன்" என்று தமிழில் சொல்லிவிட்டு, அதையும் மூச்சுவிடாமல் குடித்து முடித்தார்.

கொளஞ்சி என்னவோ சொல்ல வாயெடுத்தாள். ராசம்மாள் முறைத்த முறைப்பில் கப்சிப்.

அப்புறம் மருந்து போடும் வேலை. ஜூடி பஞ்சை எடுத்துக்கொண்டு ராசம்மாள் காலடியில் உட்கார்ந்தாள். ராசம்மாள் காலை வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள்.

"நர்ஸம்மா, அந்தப் பொண்ணு தொட வேணாங்க. நீங்களே போட்டு வுடுங்க. இல்லாட்டி புண்ணு புண்ணாவே இருந்துட்டுப் போவுது."

அவ்வளவுதான். அடுத்தவளும் காலைக் காட்டவில்லை, அதற்கடுத்தவளும் காட்டவில்லை. பாவம், ஜூடி கையில் பஞ்சோடு ஒரு ஓரமாக நின்றுகொண்டிருந்தாள். என்ன சொன்னார்கள் என்று யாரும் அவளுக்குச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

வேலை முடிந்து ரெண்டு பேரும் வரப்பில் நடந்து ரோட்டுக்கு வந்தார்கள். நர்ஸம்மா திரும்பிக்கூடப் பார்க்காமல் சொன்னார்.

"நாளைக்குக் காலைல பாண்டிச்சேரி பஸ்ல ஏறிடு. உன்னை இனிமே நான் எங்கேயும் கூட்டிட்டுப் போக முடியாது."

"எடித், ப்ளீஸ். நான் இங்கே இருக்கணும்." ஜூடிக்குக் குரல் உடைந்துவிட்டது.

"இருந்து? அந்தப் பொம்பளை முகத்தைப் பாத்தியா? ஜென்மம் பூரா அவ கைத் தண்ணியை வேணாம்னு சொன்னவங்கதான். இன்னிக்கு நீயும் சொல்லிட்டே. உதடு வெடிச்சு ரத்தம் வருது, தாகம் இல்லேங்கறே! எதுக்காக அப்படிச் செஞ்சே? அதையாவது சொல்லிட்டுப் போ."

ஜூடி கொட்டகைப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். பிறகு மெதுவாகச் சொன்னாள்.

"எனக்கு மொள்ளும்போது அந்த அம்மா குடத்தைத் தலைகீழாக் கவுத்தாங்க. குடத்துல மிச்சம் இருந்த கடைசித் தண்ணி அதுதான். சாப்பிட உக்காந்தவங்க ஒருத்தர்கூட அதுவரைக்கும் குடிக்கல."

நர்ஸம்மாவின் நடை நின்றுவிட்டது.

"அடிப்பாவி... அதை அங்கேயே சொல்லியிருக்கக் கூடாதா?"

"எப்படிச் சொல்றது எடித்? அதுக்குள்ள முதல் சொம்பை நீங்க குடிச்சு முடிச்சிருந்தீங்களே."