பொன்வண்டுச் சேலை

காலையில்தான் தறியிலிருந்து அறுத்தெடுத்த பட்டுச் சேலையைச் சுப்பராயலு வாசல் வெளிச்சத்தில் விரித்துப் பிடித்துக்கொண்டிருக்கிறார். கல்யாணப் பெண் பவித்ரா அதன்மேல் கைப்பேசியை நீட்டிக்கொண்டு நிற்கிறாள். வீடியோவில், செய்யாரிலிருந்து, அவளுடைய வருங்கால மாமியார். “பொன்வண்டு கலர்தானே சொல்லி வெச்சேன்? இது பச்சையா இல்ல கீது! பொன்னு எங்க?” சுப்பராயலுவுக்குச் சுருக்கென்று கோபம் வருகிறது. நீள இழை பச்சை, குறுக்கு இழை மஞ்சள். இருபது நாள் நெய்தவருக்குத் தெரியாதா? “அந்தப் பூச்சியே பச்சைதாங்க. அசைஞ்சாத்தான் பொன்னு தெரியும்” என்கிறார். “எனக்கு ஒண்ணும் தெரியலியே” என்கிறார் மாமியார். பவித்ராவின் முகம் வாடுகிறது, வெள்ளிக்கிழமை முகூர்த்தம். பொன்வண்டு என்று பெயர் வைத்தவன் அதைச் சும்மா உட்காரவைத்துப் பார்த்திருக்க மாட்டான். “பேஜாரு” என்று முணுமுணுத்தபடி அவர் மடித்துக் கட்டிய லுங்கியை இறக்கிவிட்டு, பனியன்மேல் சேலையைப் போட்டு முந்தியைத் தோளில் தொங்கவிடுகிறார். தறிக்கும் வாசலுக்கும் நடுவே நடக்கிறார், திரும்புகிறார், மறுபடி நடக்கிறார். மடிப்புகளின் முதுகில் பொன் ஏறுகிறது, வழுக்குகிறது, பச்சைக்குள் ஒளிகிறது. பவித்ரா உதட்டைக் கடித்துச் சிரிப்பை அடக்குகிறாள். தெருவில் பால்காரர் வண்டியை நிறுத்திவிட்டு எட்டிப் பார்க்கிறார். சுப்பராயலுவுக்குக் காது சுடுகிறது. நின்றுவிடுகிறார். நின்றதும் சேலை வெறும் பச்சையாகிவிடுகிறது. “ஐய, ஏங்க நின்னுட்டீங்க?” என்று பதறுகிறது கைப்பேசிக் குரல். “நடந்துகினே இருங்க.”