சொட்டு சாரின் பால்கனி

"மாமா! கையில என்ன அது?"

மாமனார் திடுக்கிட்டுத் திரும்பினார். ஒரு கையில் மக், மறு கையில் ஈரத்துணி. காலடியில் கற்றாழைத் தொட்டி, மண் சொதசொதவென்று.

கையும் களவுமாகப் பிடித்தாகிவிட்டது.

"ஒண்ணுமில்ல மாப்பிள்ளை, சும்மாதான்..."

"சும்மாவா? இதுக்கெல்லாம் ஒரு சொட்டு தண்ணி கூட வேண்டாம்னு எத்தனை தடவை சொல்லியிருக்கேன்! கள்ளி, கற்றாழை எல்லாம் காய்ஞ்ச மண்ணுல தானா வளர்ற ஜாதி. ஊத்தினா வேர் அழுகிடும். பாசத்தைக் காட்டறேன்னு கொலை பண்றீங்களே!"

"சரி மாப்பிள்ளை."

மாப்பிள்ளைக்கு அந்த அடுக்குமாடியில் 'சொட்டு சார்' என்று பெயர். லிஃப்டில் மாட்டிக்கொண்டவர்களிடம்கூட, தண்ணீர் கேட்காத செடிகளைப் பற்றிப் பேசாமல் விடமாட்டார். அந்தப் பட்டப்பெயர் மரியாதையால் வந்தது என்று அவர் ஒருவர் மட்டும் நம்பிக்கொண்டிருந்தார்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை குடியிருப்போர் சங்கத் தலைவியும் செயலாளரும் அவர் பால்கனியைப் பார்க்க வருகிறார்கள். பிடித்துவிட்டால், கீழே வாசலில் தண்ணீரைக் குடித்துத் தீர்க்கும் புல்வெளியை எடுத்துவிட்டு, அந்த இடம் முழுவதையும் அவர் பொறுப்பில் விடுவதாகப் பேச்சு. இதுவரை அவரை நம்பி யாரும் எந்தப் பொறுப்பையும் தந்ததில்லை. தூக்கத்தில்கூடச் செடிகளின் பெயரைச் சொல்லிப் புரண்டுகொண்டிருந்தார்.

பால்கனிக் கதவைப் பூட்டி, சாவியைத் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

"ஏங்க, அப்பா கொஞ்ச நேரம் காத்தாட நிக்கிற இடமே அது ஒண்ணுதானே?" என்றாள் மனைவி.

"அவருக்குக் காத்து. எனக்கு மானப் பிரச்சினை!"

"என்னமோ பண்ணுங்க. முதல்ல இதைக் குடிங்க." பெரிய தண்ணீர் பாட்டிலை நீட்டினாள். "கிட்னியில கல்லை வச்சுக்கிட்டு ஊர்க் கதை பேசறீங்க. மறுபடி வலி வந்தா ஆபரேஷன்தான்னு டாக்டர் சொன்னது ஞாபகம் இருக்கில்ல?"

தண்ணீர் என்றாலே அவருக்கு மருந்து மாதிரி. முகத்தைச் சுளித்துக்கொண்டே வாங்கிக்கொண்டு, கதவைத் திறந்து பால்கனிக்குப் போனார். காதில் ஃபோன். தொட்டிகளுக்கு நடுவே உலாத்தியபடி யாருக்கோ முழங்கினார்.

"ஒரு சொட்டு வேண்டாம் சார்! நீங்க அதை மறந்துடணும். மறந்தாத்தான் வளரும்!"

திரும்பி வந்தபோது பாட்டில் காலி.

"முழுசும் ஆச்சா?"

"நீயே பாரு!" பாட்டிலைத் தலைகீழாகக் கவிழ்த்துக் காட்டினார். மனைவிக்குப் பரம திருப்தி. தினமும் இதே கதைதான்.

ஞாயிற்றுக்கிழமை வந்தது. தலைவியையும் செயலாளரையும் முன்னால் போகவிட்டு, கதவை அகலத் திறந்தார்.

கற்றாழை மஞ்சளாகிக் கொழகொழத்திருந்தது. கள்ளி சுவரில் சாய்ந்து கிடந்தது. தினமும் வந்துபோகிற மனிதர்தான். பேச்சு மும்முரத்தில் செடியை எங்கே பார்த்தார்?

தலைவி ஒரு தொட்டியை நகர்த்தினார். அடித்தட்டில் தேங்கியிருந்த தண்ணீர் செயலாளரின் காலில் கொட்டியது.

"தண்ணியே வேண்டாம்னீங்களே சார், இது குளமா இருக்கு?"

சொட்டு சார் குனிந்து அந்தத் தட்டைப் பார்த்தார். லிஃப்டில் இனி எந்த முகத்தோடு ஏறுவது?

"நான்தாங்க ஊத்தினேன்."

பின்னால் மாமனார் நின்றிருந்தார்.

"மாப்பிள்ளை வேண்டாம் வேண்டாம்னு தலையால அடிச்சுக்கிட்டார். எனக்குத்தான் கை சும்மா இருக்கல. அவர் மேல தப்பே இல்லைங்க."

தலைவி சிரித்துவிட்டார். "எல்லா வீட்டுலயும் இப்படி ஒருத்தர் இருக்காங்க. விடுங்க சார், வாசல் தோட்டம் உங்க பொறுப்புதான். பெரியவரை மட்டும் கீழ விட்டுடாதீங்க!"

அவர்கள் படி இறங்குவதற்குள் சமையலறையிலிருந்து மகளின் குரல் வந்தது. "என்னப்பா நீங்க, சின்னப் பிள்ளை மாதிரி? நாலு பேர் முன்னால அவர் மானத்தை வாங்கப் பார்த்தீங்களே!"

மாமனார் தலையைக் குனிந்து வாங்கிக்கொண்டார்.

சொட்டு சார் நிம்மதிப் பெருமூச்சு விட்டபடி சட்டைப் பையைத் தடவினார். சாவி தட்டுப்பட்டது. அந்த ஒரே சாவி. மனசுக்குள் ஏதோ இடித்தது.

"மாமா... கதவு பூட்டியிருந்ததே. சாவி என்கிட்ட. நீங்க எப்படி உள்ள போனீங்க?"

"போகல."

"அப்ப யாரு ஊத்தினது?"

மாமனார் சமையலறைப் பக்கம் எட்டிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "தினமும் ஃபோன் பேசிக்கிட்டே ரெண்டு வாய் குடிச்சுட்டு, மிச்ச பாட்டிலை எங்க கவுக்கறீங்க மாப்பிள்ளை?"

சொட்டு சார் சாய்ந்து கிடந்த கள்ளியைத் திரும்பிப் பார்த்தார்.

"அன்னிக்கு நான் மக்கோட நின்னது ஊத்தறதுக்கு இல்ல. நீங்க ஊத்தினதைத் தட்டுலேர்ந்து மொண்டு எடுத்துட்டு இருந்தேன்."

வெட்கத்தில் அவருக்குக் காது மடல் சுட்டது. "அப்புறம்... பழியை நீங்க ஏன் மாமா ஏத்துக்கிட்டீங்க?"

"அடுப்படியில என் பொண்ணு நிக்கிறாளே. அவகிட்ட திட்டு வாங்கறது அவ பேசப் பழகினதுலேர்ந்து எனக்குப் பழக்கம். நீங்க பாவம், நேத்து வந்தவர்."

சொல்லிவிட்டு, மேஜைமேல் நிரம்பியிருந்த பாட்டிலை எடுத்து மாப்பிள்ளையின் கையில் வைத்தார்.

"குடிங்க. நான் இங்கயேதான் நிக்கப் போறேன். ஒரு சொட்டு கூட மிச்சம் இருக்கக் கூடாது."