மோதிரம் கேட்ட கூலி

மாயாஜாலக் கதைகளை அலசுவதில் தனக்கு நிகர் யாருமில்லை என்று நம்பும் பதிப்பாளர், நாவலின் பிரதியை மேசைமேல் போட்டார்.

"மோதிரம் பிரமாதம்ணே! விழுந்த நட்சத்திரத்தை உருக்கிச் செஞ்சது, மலையைத் தூக்குது, செத்தவனை எழுப்புது. அப்படியே நம்பற மாதிரி இருக்கு."

"அப்புறம் என்னய்யா குறை?" என்றார் எழுத்தாளர்.

"அது கேக்கற கூலிதான். ஒவ்வொரு வரத்துக்கும் ராஜா மனசிலேருந்து ஒரு முகம் அழிஞ்சு போகுது. சரி, மந்திரி போகட்டும், தளபதி போகட்டும். கட்டின பொண்டாட்டியையுமா மறப்பான்? மாயாஜாலத்துக்கும் ஒரு லாஜிக் வேணாமா?"

மலை பறப்பதில் லாஜிக் கண்டவரை எழுத்தாளரின் மனைவி கணினியிலிருந்து நிமிர்ந்து பார்த்தாள். கணவர் சொல்லச் சொல்ல நாவல் முழுவதையும் தட்டச்சு செய்தவள் அவள்தான்.

"ராணியைப் பார்த்ததும் அவனுக்கு ஞாபகம் வரணும். இல்லேன்னா நான் அச்சடிக்கிறதா இல்லை. அண்ணி, நீங்களாவது சொல்லுங்களேன்!"

அவள் மறுபடி திரைப் பக்கம் திரும்பினாள். இந்த நாவல் வெளிவராவிட்டால் கணவர் இன்னொன்று எழுதப்போவதில்லை என்பது அவளுக்குத் தெரியும்.

எழுத்தாளர் தாடையைத் தடவிக்கொண்டார். "நியாயம்தான். மாத்திடலாம்."

அவள் பக்கம் திரும்பி, "சிரமம் பார்க்காம கடைசி அத்தியாயத்தை எடுங்கம்மா" என்றார் மரியாதையாக. பிறகு பதிப்பாளரின் காதருகே குனிந்தார். "இந்தம்மா ரொம்பக் கெட்டிக்காரங்கய்யா. உன் ஆபீஸ்லேருந்துதானே அனுப்பினே?"

பதிப்பாளர் அவள் பக்கம் திரும்பினார். "அண்ணி..."

அவள் விசைப்பலகையை முன்னால் இழுத்துக்கொண்டாள்.

"சொல்லுங்க சார். ராணியைப் பார்த்ததும் ராஜா என்ன சொல்றார்?"